கிழக்கின் தோட்ட நகரமும் கொழும்பின் தோட்டங்களும்

கொழும்பு மாநகரைக் ‘கிழக்கின் தோட்ட நகரம்’ என்று போற்றுதல் நெடுநாள் வழக்கு. உல்லாசப் பயணிகளுக்கென அச்சிடப்பெறும் சிறு கையேடுகள் முதலாக மேடைச் சொற்பொழிவுகள் ஈறாக இத்தொடரைக் காணாத இடமில்லை. ஆயின், கொட்டாஞ்சேனையில் நின்று இதனைத் தமிழிற் சொல்வோர் உளராயின், கேட்போர் முகத்தில் ஒரு குறுநகை தோன்றுதல் கூடும். கொழும்புத் தமிழ் வழக்கில் தோட்டம் என்னுஞ் சொல் இரு பொருள் தருவது. ஒன்று கறுவாத்தோட்டம், அகன்ற வீதிகளும் நிழல் மரங்களும் மதில்சூழ் மாளிகைகளும் உடையது. மற்றையது, பெருந்தெருவின் கடை வரிசைக்குப் பின்னே, ஒருவர் நுழையுமளவான சந்துக்கு அப்பால், முதுகோடு முதுகொட்டிய அறை வரிசைகளும் அவற்றுக்கெல்லாம் பொதுவான ஒரு தண்ணீர்க் குழாயும் உடையது. இதனை முடுக்கு என்பாரும் உளர். சிங்கள மொழியிலும் ‘வத்த’ என்னுஞ் சொல் இவ்விரு பொருளையுந் தாங்கி நிற்கின்றது.

ஒரு பெயர் இரு தலைமாறான வாழ்க்கைகளைக் குறித்து நிற்பது வெறுஞ் சொல் விநோதமன்று. நகர அமைப்புக் கலை ஐரோப்பாவிலிருந்து கொழும்புக்கு வந்தபோது எதனை எடுத்துக்கொண்டோம், எதனை விட்டுவிட்டோம் என்பதை அச்சொல்லே காட்டிக்கொடுக்கின்றது. இவ்வுண்மையை ஆராய்தலே ஈண்டு எம் நோக்கமாகும்.

19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் ஐரோப்பியத் தலைநகரங்கள் பல தம் பழைய உடையைக் களைந்தன. வியன்னா நகரின் மதிலை இடிக்குமாறு 1857ஆம் ஆண்டு திசெம்பரிற் பேரரசர் ஆணை பிறந்தது. மதிலிருந்த இடத்தில் வட்டப் பெருவீதி அமைந்து 1865இல் திறக்கப்பெற்றது. பாரிசு மாநகரில் 1853 முதல் 1870 வரை ஓஸ்மான் பழைய குடியிருப்புகளை ஊடறுத்து நேர்வீதிகளை வகுத்தார். அங்கிருந்த ஏழைத் தொழிலாளர் கிழக்கெல்லைக்குத் தள்ளுண்டனர். கொழும்புக் கோட்டையின் கொத்தளங்கள் 1869ஆம் ஆண்டளவில் இடிபடத் தொடங்கியமை இக்காலப் போக்கிற்கு இயைந்ததே. கோட்டை அலுவலகங்களும் வணிக நிலையங்களும் நிறைந்த இடமாயிற்று. செல்வர் தெற்கே நகர்ந்தனர். ஒல்லாந்தர் காலத்துக் கறுவாக் காணிகள் துண்டாடப்பெற்று, தேசாதிபதிகளின் பெயர் பூண்ட வீதிகளில் மனைகள் எழுந்தன. அம்மனைகளில் வாழ்ந்தோருள் நம்மவரும் இருந்தனர் என்பதை மறைத்தற்கில்லை. சேர் பொன்னம்பலம் இராமநாதனின் ‘சுகஸ்தான்’ வார்ட் பிளேசிலும், சேர் பொன்னம்பலம் அருணாசலத்தின் ‘பொன்கிளார்’ ஹோர்ட்டன் பிளேசிலும் இருந்தன.

வடக்கே நிகழ்ந்தது வேறு. 1875இல் தொடங்கிய அலைதடுப்பு வேலை 1885இல் முற்றுப்பெற, கொழும்பு பெருந்துறைமுகமாயிற்று. கப்பலிற் சுமையேற்றவும் இறக்கவும், நிலக்கரி சுமக்கவும், பண்டசாலைகளில் தேயிலை பொதி செய்யவும் ஆயிரக்கணக்கான கைகள் வேண்டப்பட்டன. அக்கைகளுக்குரியோர் உறங்க இடம் வேண்டுமே! காணிச் சொந்தக்காரர் தம் வளவுகளின் பின்புறத்தில் நீண்ட வரிசையாக அறைகளைக் கட்டி வாடகைக்கு விட்டனர். தென்னையும் பலாவும் நின்ற வளவு, மரம் போய்ப் பெயர் மட்டும் நிற்கத் தோட்டமாயிற்று.

இந்நிலையிலேதான் சேர் பற்றிக் கெடிஸ் கொழும்புக்கு அழைக்கப்பட்டார். 1921ஆம் ஆண்டில் அவர் கொடுத்த முதனிலை அறிக்கையே இந்நகருக்கெனத் துறைபோயவர் ஒருவர் வகுத்த முதலாவது திட்டமாகும். ‘கிழக்கின் தோட்ட நகரம்’ என்னுந் தொடர் நிலைபெற்றதும் அதன் வழியாகவே. ஸ்கொத்லாந்தினரான கெடிஸ், தோமஸ் ஹக்ஸ்லியிடம் உயிரியல் பயின்றவர், கட்டடக் கலைஞரல்லர். நகரத்தை ஓர் உயிராகக் கண்டவர். 1880களின் பிற்பகுதியில், எடின்பரோவின் பழைய நகரிலிருந்த ஒரு நெருக்கமான குடிமனையில் தம் மனைவியாரோடு தாமே குடியேறி, அயலாரைச் சேர்த்துக்கொண்டு சுவருக்கு வெள்ளையடித்தும், இடிந்தவற்றைத் திருத்தியும், வெற்றிடங்களிற் செடி நட்டும் தம் கொள்கையைச் செயலிற் காட்டியவர். மருத்துவன் நோயையும் அதன் முதலையும் ஆராய்ந்தே மருந்து கொடுத்தல் வேண்டுமென வள்ளுவர் வகுத்த முறையையே கெடிஸ் நகரத்துக்கு வகுத்தார் எனல் மிகையாகாது. முதலில் அளவாய்வு, அதன் பின்னரே திட்டம். அறுப்பது அவசியமாயின், உயிரைப் பேணும் அளவுக்கு மட்டுமே அறுவை.

1914ஆம் ஆண்டில் அவர் தம் நகரக் கண்காட்சியோடு சென்னைக்குப் புறப்பட்டபோது, படங்களையும் வரைபுகளையும் ஏற்றிவந்த கப்பலை ஜேர்மனியரின் எம்டன் கப்பல் கடலில் மூழ்கடித்தது. தந்திரசாலி ஒருவரை ‘அவன் பெரிய எம்டன்’ என்று நம் பாட்டன்மார் சொல்லக் கேட்டிருப்போம்; அதே எம்டன்தான். கெடிஸ் தளர்ந்தாரல்லர். புதிதாகப் படங்களைத் திரட்டி 1915இற் சென்னையிற் காட்சி நடத்தியதோடு, மதுரை, தஞ்சாவூர் முதலான ஊர்களுக்குச் சென்று அறிக்கைகளும் எழுதினார். தஞ்சைக் கோட்டைக்குள் நெருக்கத்தைக் குறைக்க வீடுகளை இடித்து நேர்வீதி போடுவதென்பது நகரசபையின் எண்ணம். கெடிஸ் தெருத்தெருவாக நடந்து, இடிந்த வீடுகளின் வெறு நிலங்களைக் கண்டறிந்து, அவற்றைச் சிறு முற்றங்களாக்கி இணைத்தாலே காற்றும் வெளிச்சமும் வரும், செலவும் சிறுபகுதியே ஆகும் என்று காட்டினார். பேணும் அறுவை என்னும் அவரது கொள்கைக்குத் தக்க எடுத்துக்காட்டு தமிழ்நாட்டிலேயே இவ்வாறு கிடைத்தமை நாம் நினைவிற் கொள்ளத்தக்கது.

மேலும் ஒன்று. பண்டைத் தென்னாட்டின் நகர அமைப்பைப் பற்றிச் சி. பி. வேங்கடராம ஐயர் 1916இல் ஆங்கிலத்தில் ஒரு சிறு நூல் வெளியிட்டார். அதற்கு முன்னுரை வழங்கியவர் கெடிஸ். சிலப்பதிகாரத்தின் இந்திரவிழவூரெடுத்த காதையைப் படித்த மாணவர் காவிரிப்பூம்பட்டினத்தின் அமைப்பை அறிவர். கடலோரத்தே மருவூர்ப்பாக்கம், அங்கே யவனரும், நெய்வோரும், மீன் விற்போரும், பொற்கொல்லரும். உள்ளே பட்டினப்பாக்கம், அங்கே அரசர் வீதியும் செல்வர் மாடங்களும். இவற்றுக்கு நடுவே மரங்கள் செறிந்த சோலையில் நாளங்காடி. பாக்கம் இரண்டென்பது உண்மையே. ஆயினும் இரண்டையுஞ் சேர்க்கும் இடம் ஒன்றை, அதுவும் மரநிழலில், அந்நகரம் கொண்டிருந்தது. கொழும்பின் மருவூர்ப்பாக்கமாகிய கொட்டாஞ்சேனைக்கும் பட்டினப்பாக்கமாகிய கறுவாத்தோட்டத்துக்கும் நடுவே அத்தகைய சோலை எங்கே?

கெடிசின் அறிக்கைக்குப் பின் நிகழ்ந்ததை நோக்குமிடத்து இவ்வினாவுக்கு விடை கிடைக்கும். மாநகரசபையின் மண்டபம் 1873 முதல் புறக்கோட்டையில், சந்தைக்கும் வண்டிப்பேட்டைக்கும் அருகில் இருந்தது. 1928இல் திறக்கப்பெற்ற புதிய நகர மண்டபமோ வெண்ணிறத் தூண்களும் குவிமாடமுங் கொண்டு கறுவாத்தோட்டத்திலே, விக்டோரியாப் பூங்காவை நோக்கி எழுந்தது. எழிலான கட்டடம் என்பதில் ஐயமில்லை. ஆனால் குழாயில் நீர் வரவில்லை என முறையிட வேண்டிய கொட்டாஞ்சேனைக் குடியானவருக்கு நகரசபை முன்னிலும் தொலைவாயிற்று. பூங்கா கிடைத்தவருக்கே மீண்டும் பூங்கா கிடைத்தது.

இவ்விடத்திற் கெடிசையும் நாம் குறை கூறாது விடுதற்கில்லை. தோட்ட நகரம் என்னுங் கருத்து எபனேசர் ஹவார்டுக்கு உரியது. 1898இல் அவர் வெளியிட்ட நூலில் தோட்ட நகரம் என்பது மரம் நட்ட நகரமன்று. 6,000 ஏக்கர் நிலம். அதில் 1,000 ஏக்கரில் நகரம், எஞ்சியதில் வேளாண்மை. குடிகள் 32,000 பேரளவில் நிற்றல் வேண்டும். நிலம் முழுவதும் பொதுவுடைமை. வாடகை வருவாய் ஊருக்கே. நிலவுடைமை பற்றிய இந்த நெருப்பை அணைத்துவிட்டு, புகையை மட்டும் கொழும்புக்குக் கொண்டுவந்தால் அது மரநிழற் சாலையாகவே முடியும். சொற்றொடரின் கவர்ச்சி எத்தகையது என்பதை அறிஞராகிய கெடிஸ் உணர்ந்திருத்தல் வேண்டும். தஞ்சையில் வீடு வீடாகப் பார்த்த கண், கொழும்பில் ஒரு முதனிலை அறிக்கையோடு அமைந்தது. முதனிலையைத் தொடர வேண்டிய முழுநிலை வரவில்லை என்பது அவர் குற்றமன்று. மாநகரசபையின் வாக்குரிமை சொத்துடையார்க்கே உரியதாயிருந்த காலம் அது. தோட்டங்களின் சொந்தக்காரரே சபைக்குரியோராயிருக்கத் தோட்டங்களை அளப்பார் யார்?

சட்டத்தின் நோக்கும் அவ்வாறே. 1914இல் கொழும்பிற் பிளேக் நோய் புகுந்தது. 1915ஆம் ஆண்டின் 19ஆம் இலக்க வீடமைப்பு, நகர மேம்பாட்டுக் கட்டளைச் சட்டம் அடுத்து வந்தது. அதே கொள்ளைநோய் வாட்டிய இந்தூரில் கெடிஸ் செய்ததை இதனோடு ஒப்புநோக்குதல் தகும். மன்னரிடம் வேண்டி ஒருநாள் மகாராசாவாகித் தீபாவளி ஊர்வலத்தை நடத்த உரிமை பெற்ற அவர், ஊர்வலம் வழக்கமான வழியே செல்லாது, எத்தெருக்கள் மிகத் துப்புரவாயுள்ளனவோ அத்தெருக்கள் வழியே செல்லும் எனப் பறைசாற்றுவித்தார். தெருவார் போட்டியிட்டுத் தெருவைத் துப்புரவாக்கினர். அழுக்கை அரக்கனாகவும் நோயைப் பேரெலியாகவும் சமைத்து ஈற்றில் எரியூட்டினர். ஆடிவேல் விழாவிலே செட்டியார் தெருவிலிருந்து பம்பலப்பிட்டிக்கு வரும் வேலைக் கண்டு வளர்ந்த நமக்கு இது நன்கு விளங்கும். வடக்கின் சந்தையையும் தெற்கின் குடிமனையையும் ஒரே நூலிற் கோத்துக் காட்டிய வழி, எந்தத் திட்டத்திலும் எழுதப்படாத அவ்வேல் வழியே. அத்தகைய கண்ணோடு கொழும்பை நோக்கியிருந்தால்!

1948ஆம் ஆண்டளவிற் சேர் பற்றிக் அபர்குரொம்பி வகுத்த பிராந்தியத் திட்டத்தைப் பற்றி நீள உரைக்க வேண்டியதில்லை. இலண்டனின் நெருக்கத்தைக் குறைக்க 1944இல் அவர் வகுத்த மருந்தே கொழும்புக்கும் எழுதப்பெற்றது. இராகமை, கோமாகமை, இரத்மலானை ஆகிய துணை நகரங்களிற் குடிகளையும் தொழில்களையும் பரப்புதல் அதன் சாரம். இலண்டனுக்குப் புது நகரச் சட்டமும் அரசின் பெரும்பொருளும் துணைநின்றன. இங்கே காகிதம் மட்டும் துணைநின்றது.

எனினும், அளந்தறிந்து கட்டும் முறை நம் நாட்டில் முளைக்கவேயில்லை எனல் தவறாகும். கட்டடக் கலைஞர் மினெற் டி சில்வா 1950களிற் கண்டி வட்டப்புளுவையில் அரசாங்க ஊழியருக்கென வீட்டுத் திட்டம் அமைத்தபோது, குடியேறவிருந்தோருக்கு வினாக்கொத்துகள் கொடுத்து, அவரவர் சமயம், வழக்கம், சமையல், குடும்ப அளவு ஆகியவற்றை அறிந்த பின்னரே வரைபடங் கீறினார். 1973ஆம் ஆண்டின் வீட்டு உடைமை உச்சவரம்புச் சட்டம் தோட்டவாசிகள் பலரை வாடகைக் குடிகள் என்னும் நிலையிலிருந்து உயர்த்தியது. 1984இல் தொடங்கிய பத்து இலட்சம் வீட்டுத் திட்டத்தின் நகரப் பகுதியில், தோட்டத்து மக்களே கூடியிருந்து நடைபாதையையும் குழாயையும் காணி எல்லையையும் தீர்மானித்தனர். வீடுகளும் பெரும்பாலும் இருந்த இடத்திலேயே திருந்தின. கெடிஸ் மறைந்து அரை நூற்றாண்டு சென்றபின், அவர் பெயர் சொல்லாமலே, பேணும் அறுவை கொழும்புக்கு வந்தது.

அது நிலைக்கவில்லை. 2001இல் பொரளையில் எழுந்த ‘சகஸ்புர’ என்னும் 14 மாடிக் கட்டடம் 671 வீடுகளோடு புதிய வழியைக் காட்டிற்று. 2010இல் நகர அபிவிருத்தி அதிகாரசபை பாதுகாப்பு அமைச்சின் கீழ்க் கொண்டுவரப்பட்டது. அவ்வாண்டு மே மாதத்திலேயே கொம்பனித்தெருவின் மியூஸ் ஒழுங்கையில் வீடுகள் படையினர் முன்னிலையில் இடிக்கப்பட்டன. ஏறத்தாழ 68,000 குடும்பங்கள் தகாத குடியிருப்புகளில் வாழ்ந்தன என்பது அதிகாரசபையின் அன்றைய கணக்கு. அவர்களைத் தெமட்டகொடை, வனாத்தமுல்லை முதலிய இடங்களில் ஏறக்குறைய 400 சதுர அடி வீடுகள் கொண்ட அடுக்குகளில் ஏற்றி, விடுபடும் நிலத்தை விற்பனைக்கு ஆக்குதல் திட்டம்.

இத்திட்டத்துக்குச் சார்பான நியாயங்களும் உள. வீட்டுக்குள்ளே மலசலகூடம், மழைக்கு வெள்ளம் புகாத தரை, ‘இன்ன இலக்கத்து வீடு’ என எழுதத்தக்க முகவரி. முடுக்கில் வாழ்ந்தறியாத நாம் இவற்றை இலேசாக எண்ணுதல் கூடாது. ஆனால் ஐரோப்பாவைப் பின்பற்றுகிறோம் என்பார் ஐரோப்பாவின் இன்றைய பக்கத்தையும் புரட்டிப் பார்த்தல் நன்று. கிளாஸ்கோ நகரின் சேரிகளை அகற்றி 1960களில் எழுப்பிய ரெட் ரோட் அடுக்குகள் எட்டு; உயர்ந்தவை 31 மாடி. மின்னுயர்த்தி பழுதானால் முதியோர் சிறையிருந்தனர். சிறுவர் விளையாட்டைத் தாயின் கண் எட்டவில்லை. 2012 முதல் 2015 வரை அவை அனைத்தும் தகர்க்கப்பட்டன. கொழும்பின் அடுக்குகள் எழுந்ததும் அதே ஆண்டுகளிலேயே. அதற்கு மாறாக, இத்தாலியின் பொலோஞா நகரம் 1970களில் தன் பழைய தொழிலாளர் தெருக்களை அவற்றில் வாழ்ந்தோர்க்கெனவே திருத்தியது. பின்பற்றத்தக்க ஐரோப்பா ஒன்றன்று, பல. நாம் தெரிந்தெடுத்தது எதனை என்பதே வினா.

வெள்ளவத்தையின் மாற்றம் திட்டமின்றியே நிகழ்ந்தது. காலி வீதியிலிருந்து கடலை நோக்கி இறங்கும் ஒழுங்கைகளில், ஓட்டுக் கூரையும் விறாந்தையும் கொண்ட வீடுகள் இருந்த இடமெல்லாம் இன்று தொடர்மாடிகள். கல்கிசையிற் புகையிரதம் ஏறிக் கோட்டைக்குச் செல்வோர் இதனை நாள்தோறுங் காண்பர். நிலத்தளம் வண்டி நிறுத்துமிடம், இரும்புக் கேற், காவலாளி. தெருவைப் பார்த்திருந்த விறாந்தை மறைந்துவிட்டது. இதனைப் பணத்தாசை என்றும் அழகுணர்ச்சியின்மை என்றும் பழிப்பது எளிது. யானும் அவ்வாறு பழித்ததுண்டு. ஆனால் 1983 ஆடியில் வாக்காளர் பட்டியலைக் கையிற்கொண்டு வீடு வீடாக வந்தோரைக் கண்டவர்கள், மீண்டும் தெருவைப் பார்த்து வாயில் வைத்துக் கட்டுவார்களா? 2007 ஜூனில் விடுதிகளிலிருந்து தமிழர் சில நூற்றுவர் எழுப்பப்பட்டுப் பேருந்துகளில் ஏற்றப்பட்டதும் இதே வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனைப் பகுதிகளிலேதான். மறுநாளே உயர் நீதிமன்றம் தடுத்தமை ஆறுதல். அக்கேற்றையும் மேன்மாடியையும் கட்டியது கட்டடக் கலையன்று, அச்சம்.

கெடிசின் முறையில் ஓர் இடர் இங்கே வெளிப்படுகின்றது. அளவாய்வு என்பது, அளப்பவரை மக்கள் நம்புவர் என்னும் அடிப்படையில் நிற்பது. எடின்பரோவில் அவர் அயலாருள் ஒருவர். தஞ்சையில் நல்லெண்ணமுடைய விருந்தினர். பட்டியல் என்றாலே நெஞ்சு திடுக்குறும் நகரத்தில் வீட்டிலக்கத்தைக் குறித்துக்கொள்ள வருபவர் யாராகத் தோன்றுவார்?

சில மாதங்களுக்கு முன் மாணவர் சிலரோடு கொட்டாஞ்சேனைத் தோட்டமொன்றுக்கு நாடாவுங் காகிதமும் கொண்டு சென்றேன். சந்தின் அகலத்தை அளந்துகொண்டிருந்தபோது, குழாயடியில் வாளி நிறையக் காத்திருந்த முதிய அம்மையார் ஒருவர், “அளக்க ஆக்கள் வந்தா, பின்னால உடைக்க ஆக்கள் வரும், மாஸ்டர்” என்றார். கோபமில்லை, மழை வருமென்று சொல்வதுபோற் சொன்னார். மாணவருள் ஒருவன் நாடாவைச் சுருட்டத் தொடங்கிவிட்டான். நாங்கள் வேலையை முடித்தோம். ஆனால் வீட்டிலக்கங்களையும் பெயர்களையும் விடுத்து, குழாய், சந்து, முருங்கை மரம், சிறு பிள்ளையார் மாடம் ஆகியவற்றை மட்டுமே குறித்தோம். படத்தின் படி ஒன்றை அவ்வம்மையாரிடமே கொடுத்து வந்தோம்.

இரண்டு வாரங் கழித்துச் சென்றபோது அப்படம் குழாயடிச் சுவரில் ஒட்டப்பட்டிருந்தது. எங்கள் கண்ணுக்குத் தப்பிய ஒரு வடிகாலை யாரோ பென்சிலாற் கீறிச் சேர்த்திருந்தனர். அது அடைபடும் இடத்திலும் ஒரு புள்ளி வைத்திருந்தனர்.